எண்ணெய் போகிற வரைக்கும்

விளக்கெண்ணெய் ஒரு பாக்கெட் ஷாம்புக்கெல்லாம் போகாது, அதுவும் அம்மா வைத்த விளக்கெண்ணெய், உச்சியில் உள்ளங்கை நிறைய ஊற்றிப் பரபரவென்று தேய்த்துக் காதோரமும் பிடரியும் வழிய விட்டிருக்கிறாள், நான் கீழே கேன்டீனுக்குப் போய்த் திரும்புவதற்குள் காரியத்தை முடித்துவிட்டாள். "தலைக்குள்ள கரண்டு விடப் போறாங்களே, பிள்ளைக்கு மண்டை சூடாயிருமே, கொஞ்சம் குளிர்ச்சியா இருக்கட்டும்னுதான்டி வச்சேன்" என்கிறாள். நர்ஸ் புஷ்பலீலா நெற்றியில் அடித்துக்கொண்டார். "எண்ணெய்த் தலையில எப்படிம்மா மெஷினை வைக்கிறது? ஒட்டாதும்மா. தோலு பொசுங்கிப் போகும். நேத்தே படிச்சுப் படிச்சுச் சொன்னேன்ல, தலைக்கு ஊத்திக் காய வச்சுக் கூட்டிட்டு வாங்கன்னு." அம்மா அப்போதும் அசராமல் பையிலிருந்து சீயக்காய்ப் பொட்டலத்தை எடுத்து நீட்டினாள், புஷ்பலீலா அதை வாங்கி ஜன்னல் மேல் வைத்துவிட்டு ஷாம்பு பாக்கெட்டுகளைச் சரமாக என் கையில் திணித்தார். "நீங்களே ஊத்தி விட்ருங்கக்கா. டாக்டர் உள்ள ஒரு பேஷன்ட்டை முடிச்சிட்டு உங்க தங்கச்சியைத்தான் கூப்பிடுவாங்க." அதனால்தான் இந்தக் குளியலறையில் உட்கார்ந்திருக்கிறேன், தாழ்ப்பாளைக் கழற்றிவிட்ட கதவு, ஆணி இருந்த ஓட்டைகள் மட்டும் மிச்சம், உள்ளே போய்த் தாழிட்டுக்கொண்டு எவளாவது எதையாவது செய்துகொண்டுவிடக் கூடாதாம், எனக்கு முன்னால் பிளாஸ்டிக் ஸ்டூலில் பொற்கொடி, என் தங்கை, சாய்த்து வைத்தால் சாய்ந்தபடி, நிமிர்த்தி வைத்தால் நிமிர்ந்தபடி. வாளியில் வெந்நீர். மக்கில் மொண்டு ஊற்றுகிறேன். தண்ணீர் எண்ணெயைத் தொடாமல் உருண்டு ஓடுகிறது. அம்மாவின் கையைப் பிடித்து முறுக்க வேண்டும்போல் இருக்கிறது. எனக்குக் கரண்டு வைத்த அன்றைக்கு எவள் எண்ணெய் வைத்தாள்? எனக்கும் வைத்திருந்தால் ஒருவேளை ஒட்டாமல் போயிருக்கும், திருப்பி அனுப்பியிருப்பார்கள், இல்லை, அந்த நாய்கள் எண்ணெயோடேயே வைத்துப் பொசுக்கியிருப்பார்கள்.

கையைத் தூக்கிவிட்டால் தூக்கிய இடத்திலேயே நிற்கிறது, சோப்புப் போட அவள் வலது கையைத் தூக்கினேன், இறக்க மறந்துவிட்டேன், இன்னும் அந்தரத்தில் நிற்கிறது, எதையோ கேட்டு வாங்க நீட்டிய கை. இறக்கிவிட்டேன். ஊசி குத்திய கையில் தண்ணீர் படாமல் பிளாஸ்டிக் கவர் கட்டியிருக்கிறார்கள். மூக்கில் குழாய், கன்னத்தில் பிளாஸ்திரி. மெட்டியைக் கழற்ற வேண்டிய வேலை இல்லை, புருஷன் விட்டுவிட்டுப் போன அன்றைக்கே கழற்றிச் சாக்கடையில் எறிந்தவள் இவள். தோள்பட்டை எலும்பைப் பார்க்க முடியவில்லை. வாரக்கணக்காகிவிட்டது இவள் ஒரு வார்த்தை பேசி. பேச்சு நின்றது, பிறகு சாப்பாடு நின்றது, பிறகு எச்சில் விழுங்குவதும் நின்றது, மாத்திரை பார்த்தார்கள், ஊசி பார்த்தார்கள், ஒன்றுக்கும் அசையவில்லை. டாக்டர் வாசுகி என்னை உட்கார வைத்துச் சொன்னார். "மேடம், காலில ரத்தம் கட்ட ஆரம்பிச்சிருச்சு. நெஞ்சுக்குப் போனா அவ்வளவுதான். இன்னும் காத்திருந்தா உடம்பு தாங்காது. மயக்கம் கொடுத்துத்தான் செய்வோம், தசை தளர மருந்து கொடுப்போம், வலி தெரியாது. உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை." வேண்டியதில்லைதான். இந்த ஊரில் கரண்ட் வைப்பதைப் பற்றி என்னளவுக்குக் கத்தியவள் கிடையாது. கலெக்டர் ஆபீஸ் வாசலில் வெயிலில் உட்கார்ந்திருக்கிறேன், இதே ஆஸ்பத்திரி கேட்டுக்கு எதிரே தட்டி பிடித்திருக்கிறேன், இதே வாசுகி கூட்டமொன்றில் பேச எழுந்தபோது மைக்கைப் பிடுங்கியிருக்கிறேன். இப்போது அந்த அம்மாள் எனக்கு டீ வாங்கித் தருகிறார். பொற்கொடி, தன்னால் பேச முடியாமல் போனால் தனக்காகப் பேச என்னைத்தான் எழுதிக் கொடுத்திருக்கிறாள், அதனால் சரி என்று சொல்ல வேண்டியவள் நான், நேற்றுச் சொல்லிவிட்டேன். கையெழுத்துப் போட்டபோது டாக்டர் ஒன்று சொன்னார். "கடைசி நிமிஷத்துல அவங்களே வாயைத் திறந்து வேண்டாம்னு சொன்னா நான் நிறுத்திருவேன். அவங்க பேச்சுக்கு அப்புறம்தான் உங்க பேச்சு." நான் மேடை மேடையாகச் சொன்ன வாக்கியம் அது. என் வாயிலிருந்து எடுத்து என்னிடமே கொடுக்கிறார். நல்லது, தாயே.

இரண்டாவது பாக்கெட். நுரை கொஞ்சம் கட்டுகிறது. விரல் நெற்றிப்பொட்டுக்குப் போனதும் நின்றுவிடுகிறது. இங்கேதான் வைப்பார்கள். இங்கே தோல் மெல்லிசு, அடியில் ஒரு நரம்பு துடிக்கிறது, இவளுடையதா என் விரலுடையதா தெரியவில்லை. எனக்கு வைத்த இடம் எனக்குத் தெரியும், மழைக்காலத்தில் இன்னமும் அங்கே வலிக்கும், வலிக்க வழியே இல்லை என்று எல்லா டாக்டரும் சொல்கிறார்கள், வலிக்கிறது. அது ஆஸ்பத்திரியே இல்லை, ஒரு வீட்டு மாடி, கீழே மாவு மில், மாவு மில் ஓடும் நேரமாகப் பார்த்துத்தான் எங்களை உள்ளே கூட்டிப் போவார்கள், சத்தம் வெளியே கேட்காது. மயக்கமும் கிடையாது, ஒரு மண்ணும் கிடையாது. வரிசையாகப் பெஞ்சில் உட்கார்ந்திருப்போம், முன்னால் இருப்பவளுக்கு நடப்பதைப் பார்த்துக்கொண்டே. என் முறை வந்தபோது ஒருவன் நெஞ்சில் முழங்காலை ஊன்றினான், ஒருவன் இரண்டு காலையும் சேர்த்து அதன் மேலேயே உட்கார்ந்தான், ஒருத்தி, வெற்றிலை வாசம் அடிக்கிற ஒருத்தி, தாடையை மேலே அழுத்தினாள், துண்டைச் சுருட்டி வாயில் திணித்தார்கள், யார் யார் கடித்த துண்டோ, மிளகாயும் வாந்தியுமாக நாறியது. நான் வேண்டாம் என்றேன். துண்டுக்குள் வேண்டாம் என்றேன். அப்பா கதவுக்கு வெளியே நின்றார். பிறகு வெள்ளை. வெள்ளை என்றுதான் சொல்ல முடியும். உடம்பை யாரோ இரண்டு முனையிலும் பிடித்து ஈரத்துணி பிழிவதுபோல் பிழிந்தார்கள். ஏதோ ஒடிந்தது, ஒடிகிற சத்தம் காதுக்கு வெளியே கேட்கவில்லை, காதுக்கு உள்ளே கேட்டது. கடைவாய்ப் பல் பாதியாகப் போயிருந்தது, முதுகெலும்பில் ஒன்று நசுங்கியிருந்தது, அதை அப்புறம் வேறு ஊரில் எக்ஸ்ரே எடுத்துத்தான் சொன்னார்கள். நாக்கு அந்தப் பல்லுக்குப் போகிறது. இப்போதும் போகிறது. பல்லை விடு, தலையைத் தேய். பொற்கொடி வயதுக்கு வந்த சடங்கு போட்டோவில் நான் அவள் பின்னால் நின்று சிரிக்கிறேன், அவள் தலையில் ஒரு வண்டிப் பூ, நான்தான் தைத்து விட்டேனாம், எல்லாரும் சொல்கிறார்கள், என்னிடம் அந்த நாள் இல்லை. தேடிப் பார்த்துவிட்டேன், இல்லவே இல்லை. மாவு மில் சத்தம் இருக்கிறது, வெற்றிலை வாசம் இருக்கிறது, தங்கையின் சடங்கு இல்லை. அந்த மாடிக்காரன் செத்துப்போய்விட்டான், மாரடைப்பில், தூக்கத்திலேயே, அதைக் கேள்விப்பட்ட அன்று நான் அழுதேன், என் கையால் சாகவில்லையே என்று. அவனைப் பெஞ்சில் போட்டு, துண்டை நானே சுருட்டி, முழங்காலை நானே ஊன்றி, எத்தனை தடவை செய்திருக்கிறேன் மனசுக்குள், ஒவ்வொரு தடவையும் அவன் கண் பிதுங்கும்போது நிறுத்தாமல் இன்னும் ஒரு தடவை ஸ்விட்சைத் தட்டியிருக்கிறேன், பல் தூள் தூளாகிற வரைக்கும், நாக்கு துண்டாகிற வரைக்கும். எனக்கு அதில் ஒரு வெட்கமும் இல்லை.

இது வேறு. இது வேறு என்று எத்தனை தடவைதான் சொல்லிக்கொள்வது. மயக்கம் உண்டு, ஆக்சிஜன் உண்டு, பல்லுக்கு ரப்பர் உண்டு, டீ உண்டு, மேடம் உண்டு. கத்தியைத் துணியில் சுற்றி வைத்துக் குத்தினால் குத்து இல்லையா என்று நானேதான் கேட்டேன், கைதட்டினார்கள். அன்றைக்குக் கூட்டத்தில் ஒருவன் எழுந்தான், தபால் ஆபீசில் வேலை என்றான், "எனக்கு அதை வச்சதாலதாங்க நான் இன்னைக்கு உசுரோட நிக்கிறேன், நீங்க சொல்றது எல்லாருக்கும் பொருந்தாது" என்றான். அவன் சட்டையைப் பிடித்து உலுக்கலாம் என்று இருந்தது. இப்போதும் இருக்கிறது. அவன் சொன்னது பொய்யாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் இத்தனை வருஷம் நான் கத்தியது என்ன. அவன் சொன்னது நிஜமாக இருக்க வேண்டும், இல்லாவிட்டால் இவள் செத்துப்போவாள். இரண்டையும் ஒரே மண்டைக்குள் வைத்துக்கொண்டு மூன்றாவது பாக்கெட்டைப் பல்லால் கிழிக்கிறேன், உடைந்த பல்லால் கிழிக்க வராது, மறு பக்கத்துப் பல்லால். ஏன்டி என்னை எழுதினாய்? அம்மாவை எழுதியிருக்கலாமே. இவள் நன்றாக இருந்தாள் அப்போது, தையல் மிஷினில் உட்கார்ந்து ரவிக்கைக்குக் கை வைத்துக்கொண்டே சொன்னாள். "நீ இருந்தா எனக்குக் கரண்டு வைக்க விடமாட்ட. அது போதும் எனக்கு." அதையும் எழுதி வைத்துவிடுவோம், சட்டத்தில் இடம் இருக்கிறது என்றேன். "அதான் நீ இருக்கியேக்கா" என்று நூலைப் பல்லால் அறுத்தாள். அவ்வளவுதான். நூல் அறுகிற அந்தச் சத்தம்தான் எங்கள் ஒப்பந்தம். என் முதுகில் கை வைத்து நசுங்கிய எலும்பைத் தடவிப் பார்த்தவள் இவள் ஒருத்திதான், அம்மாகூடத் தொட்டதில்லை. பைத்தியம் ஏறினபோது இவள் செய்ததும் எனக்கு மறக்கவில்லை, கத்தரிக்கோலை எடுத்துத் தைத்து வைத்த எல்லார் துணியையும் நறுக்கினாள், தடுத்த அம்மாவைச் சுவரோடு தள்ளிக் கழுத்தை நெரித்தாள், அம்மா கண் செருகிவிட்டது, நான் இவள் முடியைப் பிடித்துப் பின்னால் இழுத்துத் தரையில் சாய்த்து மேலேயே உட்கார்ந்தேன், இதே முடி, இதே கை. முழங்காலை எங்கே ஊன்றினேன் என்று அப்புறம்தான் பார்த்தேன். நெஞ்சில். அதற்கு மறுநாளிலிருந்துதான் பேச்சு நின்றது. என் முழங்காலால் நிற்கவில்லை, டாக்டர் சொல்கிறார், நோய் அப்படித்தான் போகும் என்கிறார். நம்புகிறேன். நம்பாமல் எப்படித் தூங்குவது.

ஊற்றுகிறேன். எண்ணெய் இப்போது விடுகிறது, முடி கிறீச்சென்று சத்தம் கொடுக்கிறது, விட்டுத் தொலைக்காமல் இன்னும் கொஞ்சம் ஒட்டியிருந்தால் என்ன, இன்றைக்கு வேண்டாம் நாளைக்குப் பார்ப்போம் என்று சொல்லிவிடுவார்கள், நாளைக்குள் ரத்தக்கட்டி நெஞ்சுக்குப் போகும், போகட்டும், யார் தலையிலும் பழி இல்லை, விளக்கெண்ணெய் மேல் பழி. சீ. என்ன நினைப்பு இது. தண்ணீர் அவள் கண்ணுக்குள் நேராக இறங்குகிறது, இமை மூடவில்லை. ஷாம்பு இறங்குகிறது, இமை மூடவில்லை. எனக்கு எரிகிறது அதைப் பார்த்து. "கண்ணை மூடுடி." மூடவில்லை. "பொற்கொடி, எரியும்டி, மூடு." என் விரலால் மூடி விட்டேன், எடுத்ததும் திறந்துகொண்டது, சிவந்து, நீர் கோத்து, சுவரைப் பார்த்து. எதற்காக இப்படிச் செய்கிறாய், எதையாவது ஒன்றைச் சொல்லித் தொலையேன், வை என்று சொல், வைக்காதே என்று சொல், நான் எதற்காக உன் வாயாக இருக்க வேண்டும், என் வாயையே துண்டு வைத்து அடைத்தார்களே, பாதிப் பல்லோடு இருக்கிற வாய் இது, இதை நம்பி எதற்கு உன் உயிரைக் கொடுத்தாய். மக் கையிலிருந்து போய்ச் சுவரில் மோதியது. நான்தான் எறிந்திருக்கிறேன். அப்புறம் கை போனது. அவள் கன்னத்தில், பிளாஸ்திரி இல்லாத பக்கம், ஓங்கி. ஈரக் கன்னத்தில் அறை விழுந்தால் சத்தம் பெரிசாகக் கேட்கிறது. தலை ஒரு பக்கமாகத் திரும்பி அங்கேயே நின்றது. இன்னொன்று. ஐயோ. இன்னொன்று. நிறுத்த முடியவில்லை, பேசு, பேசுடி, பேசு, அவள் உதட்டோரம் ரத்தம், நோயாளி மேல் கை வைக்கிறவன் கையை வெட்ட வேண்டும் என்று பேசியவள் நான், அழுகிறேன், அவள் தலையை மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு அழுகிறேன், நுரை என் வாய்க்குள் போகிறது, அப்போதுதான் என் மார்புக்குள்ளிருந்து அது வந்தது. துரு ஏறிய குரல், ஆனால் ஒவ்வொரு எழுத்தும் தெளிவாக.

"அக்கா. கரண்டு வேண்டாம்க்கா."

தலையை விலக்கி முகத்தைப் பார்த்தேன், மறுபடி அதே சுவர், அதே கண், வாய் மூடிக்கொண்டது, கனவோ என்றால் கனவில்லை, உதடு அசைந்ததில் ரத்தம் கோணலாக இழுபட்டிருந்தது. "பேசினா! பொற்கொடி பேசினா!" என்று கத்தியது நான்தான். சந்தோஷத்தில்தான் கத்தினேன், சத்தியமாக அந்த நேரத்தில் வேறெதுவும் மனசில் இல்லை, இவள் குரலை இனிக் கேட்கவே மாட்டேன் என்று இருந்தேன். தாழ் இல்லாத கதவைத் தள்ளிக்கொண்டு புஷ்பலீலா வந்தார், பின்னால் அம்மா, யாரோ ஓடி உள்ளே சொல்ல டாக்டர் வாசுகியே பச்சை உடையோடு வந்துவிட்டார், ஈரத்தில் மண்டியிட்டார், உதட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கேட்கவில்லை. "பொற்கொடி, நான் டாக்டர். என்ன சொன்னீங்க? என்கிட்ட சொல்லுங்க. நீங்க என்ன சொன்னாலும் கேட்கிறேன்." காத்திருந்தார். எந்த டாக்டரும் அப்படிக் காத்திருந்து நான் பார்த்ததில்லை, அதற்காகவே அவரை அறைய வேண்டும்போல் இருந்தது. பொற்கொடி சுவரைப் பார்த்தாள். குழாய் சொட்டியது. டாக்டர் என் பக்கம் திரும்பினார். "மேடம், என்ன சொன்னாங்க?" அம்மா என் முழங்கையைப் பிடித்துக்கொண்டிருந்தாள், அவள் நகம் உள்ளே இறங்கியது. சொல். வேண்டாம் என்றாள் என்று சொல். இதற்காகத்தானே உன்னை எழுதினாள், வேறு எதற்குமே இல்லை, இந்த ஒரு சொல்லைக் கொண்டுபோய்க் கொடுப்பதற்குத்தான். சொன்னால் நிறுத்துவார், நிறுத்திவிட்டு வேறு வழி பார்ப்போம் என்பார், வேறு வழி இல்லை என்று அவருக்கும் தெரியும் எனக்கும் தெரியும், இந்தத் தோள்பட்டையைத் துணியில் சுற்றித் தூக்கிக்கொண்டு போவோம், நான் முன்னால் நடப்பேன், அவள் விருப்பப்படியே செய்தேன் என்று தலை நிமிர்ந்து நடப்பேன்.

"தண்ணி கேட்டா" என்றேன்.

"எம்புள்ள தண்ணி கேட்டுருச்சு!" அம்மா இரண்டு கையையும் தலைக்கு மேல் தூக்கிக் கும்பிட்டாள். "இப்ப கொடுக்கக் கூடாதும்மா, வெறும் வயிறா இருக்கணும், முடிஞ்சதும் முதல்ல தண்ணிதான்" என்றார் டாக்டர், குரல் அவருக்கும் இளகியிருந்தது. எழுந்திருக்கப் போனவர் திரும்பினார். "வேற ஒண்ணும் சொல்லலையே? இதைப் பத்தி?" இல்லை என்றேன். எவ்வளவு சுலபமாக வந்தது அந்த இல்லை. துண்டால் தலையைத் துவட்டினேன், முடியை அலசி அலசி மின்விசிறிக்கு அடியில் காய வைத்தேன், நெற்றிப்பொட்டை இரண்டு பக்கமும் நானே பஞ்சால் அழுத்தித் துடைத்தேன், அவள் உதட்டு ரத்தத்தையும் துடைத்தேன். டிராலியில் படுக்க வைத்தபோது பொற்கொடியின் கண் சுவரை விட்டது. மெதுவாக வந்து என் மேல் நின்றது. கோபம் இல்லை அதில், கோபம் இருந்திருந்தால் தாங்கியிருப்பேன், அவள் சும்மா பார்த்தாள், டிராலி திரும்புகிற வரைக்கும் பார்த்தாள், கதவு சாத்தியது. உள்ளே டாக்டர் அவளிடம் மறுபடி கேட்பார், கேட்காமல் தொடுகிறவர் இல்லை அவர். அம்மா பக்கத்து அறையில் புது பாட்டில் கேட்டு வாங்கித் தண்ணீர் பிடிக்கப் போய்விட்டாள். நான் கதவில் காதை வைத்துக்கொண்டு, அவள் வாயைத் திறந்துவிடக் கூடாது, எப்படியாவது திறந்துவிடக் கூடாது என்று வேண்டிக்கொண்டு நின்றேன்.